பஞ்சை எரிப்பது நெருப்பல்ல

இலங்கையிலிருந்து கப்பலேறி வந்த தேயிலைத் தோட்டக்காரர்களில் இஸ்லாமியத் தத்துவம் படித்தவன் அநேகமாக நான் ஒருவன்தான். பெருமைக்கு ஒன்றுமில்லை. ஆராய்ச்சிக்குப் போனபோது மற்ற பேராசிரியர்களிடம் இடமில்லை, அந்தத் துறைக்காரரிடம் ஆளில்லை. நெற்றியில் விபூதியோடு போய்ச் சேர்ந்தேன். அப்புறம் அந்தப் பழைய இஸ்லாமிய அறிஞர்கள் என்னை விடவில்லை. தட்டுத் தடுமாறி அரபி கற்று, தலை பாதி நரைத்தபின் ஆய்வேட்டை முடித்தேன்.

ஊட்டிக் கல்லூரியில் என் வேலை தற்காலிகம். டாக்டர் பட்டம் வந்தால் நிரந்தரம். வராவிட்டால் குன்னூர்ப் பக்கம் எஸ்டேட் லயத்து ஒற்றை அறையில் அப்பாவோடு போய் ஒண்டிக்கொள்ள வேண்டியதுதான்.

வாய்மொழித் தேர்வைக் கல்லூரியிலேயே வைத்தார்கள். சென்னையிலிருந்து வந்த தேர்வாளர் குளிரில் வெடவெடத்ததால், பியூன் கணப்புச் சட்டியில் கரி போட்டு வைத்தார். யார் வேண்டுமானாலும் வந்து கேட்கலாம் என்பதால் அப்பாவும் வந்திருந்தார். மலையில் போர்த்தும் கம்பளியோடு முன்வரிசையில், மூட்டுவலிக்கு இதமாகக் கணப்பை ஒட்டி உட்கார்ந்திருந்தார்.

என் ஆய்வின் சாரம் இதுதான்: பஞ்சை எரிப்பது நெருப்பல்ல, இறைவன். நெருப்பு பட்டதும் பஞ்சு எரிவதைப் பார்த்துப் பார்த்து நமக்குப் பழகிவிட்டது, அவ்வளவே. இதை வெறுமனே சொல்லிவிட்டு உட்கார்ந்திருக்கலாம். என்னைப் போன்ற கோமாளிக்கு அது போதுமா? சட்டைப் பையிலிருந்து ஒரு பெரிய பஞ்சு உருண்டையை எடுத்துக் கணப்புக்கு மேலே ஆட்டிக்கொண்டே பேசினேன்.

குப்பென்று பற்றியது.

அதை எங்கே எறிந்தேன் என்று பார்க்கவில்லை. "ஐயோ, தீ!" என்று அலறியபடி ஜன்னல் வழியாக வெளியே குதித்து, டேலியாப் பாத்தியில் மண்டியிட்டு விழுந்தேன். பின்னாலேயே பியூன் தலையை நீட்டினார்.

"ஏனுங்க சார், கதவு தொறந்துதானுங்களே இருக்குது?"

முழங்கால் சேற்றோடு உள்ளே போனேன். பஞ்சு அப்பாவின் மடியில் விழுந்திருந்தது. எழுந்திருக்க முடியாமல் உள்ளங்கையாலேயே தேய்த்து அணைத்திருந்தார். கம்பளியில் ஓட்டை. பொசுங்கிய வாடை.

தேர்வாளர் கண்ணாடியைக் கழற்றினார். "நெருப்பு எரிக்காதுன்னு எழுதினவர் ஏன் குதிச்சீங்க?"

"பழக்கதோஷம் ஐயா. அதுவும் ஆய்வேட்டில் இருக்கு."

அறையே சிரித்தது. அவரும் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். பட்டம் கிடைத்தது, வேலை நிலைத்தது. அந்தப் பதிலைக் கல்லூரியில் இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். சொல்பவர்கள் யாரும் அப்பாவின் கையைப் பார்க்கவில்லை.

குன்னூர் பஸ்ஸில் அவர் அந்தக் கையைக் கம்பளிக்குள் ஒளித்துக்கொண்டார்.

"காட்டுங்கப்பா."

"ஒண்ணுமில்ல மகன். தேயிலைச் செடி கவ்வாத்து வெட்டிக் காய்ச்சுப்போன கை, இதுல என்ன ஏறும்?"

அருவங்காடு தாண்டியதும் அவர்தான் பேசினார்.

"நீ ஏன் மூஞ்சிய தொங்கப் போட்டுட்டு வாற? நீயா எரிச்ச? ஆண்டவன்தானே எரிச்சாரு. அம்புட்டுப் பேருக்கு முன்னாடி நீதானே மகன் சொன்ன?"

கேலியா என்று முகத்தைப் பார்த்தேன். இல்லை. என் ஆய்வேட்டை முழுசாக நம்பிய ஒரே ஆள் அவர்தான். எரித்தது யார் என்று அதில் பக்கம் பக்கமாக எழுதியிருந்தேன். குதித்தது யார் என்பதற்கு ஒரு வரி கூட இல்லை.