எர்ணாகுளத்துக்குப் பத்தாவது ஆள்

வைக்கோலில் முட்டை உடைந்து வெயிலில் காய்ந்தால் ஒரு வாசம் வரும்... அந்தக் காலத்தில் முட்டை லாரி ஓட்டியவர்களுக்குத் தெரியும். இப்போது மாதிரி அட்டைத் தட்டு கிடையாது. மூங்கில் கூடையில் வைக்கோல் பரப்பி, அதற்குள் அடுக்கித்தான் நாமக்கல்லில் இருந்து எர்ணாகுளம் போகும்.

எனக்கு அப்போது இருபத்தாறு வயசு. எழுதப் படிக்கத் தெரியாது. இன்றைக்கும் தெரியாது. போனில் பேசினால் அதுவே எழுதிக்கொள்கிறது என்பதால் உங்களுக்கெல்லாம் சொல்கிறேன்.

எர்ணாகுளத்தில் எங்கள் முட்டையை எடுத்தவர் எலியாஸ் முதலாளி. யூதர். பாட்டன் பூட்டனுக்கும் முன்னாலேயே கடல் தாண்டி வந்தவர்களாம். வீட்டில் பேசுவது மலையாளம்தான். லோடு இறக்கியதும் ஆம்லெட் போட்டுத் தராமல் என்னை அனுப்ப மாட்டார்கள். ஆனால் முட்டையை நேராகச் சட்டியில் ஊற்றவும் மாட்டார்கள். ஒவ்வொன்றாகக் கண்ணாடி டம்ளரில் உடைத்து வெளிச்சத்தில் தூக்கிப் பார்ப்பார்கள். கடுகளவு ரத்தப் பொட்டு இருந்தாலும் கொட்டிவிடுவார்கள். ரத்தம் அவர்களுக்கு ஆகாது.

ஒரு செவ்வாய்க்கிழமை போனபோது முதலாளி முகமே சரியில்லை.

அவருடைய அப்பா தவறி வருஷம் திரும்புகிற நாளாம். வெள்ளிக்கிழமை பொழுது சாய்ந்ததும் தொடங்குகிறது. அப்பாவுக்காக மகன் சொல்ல வேண்டிய ஜெபம் ஒன்று உண்டு. அதைச் சொல்ல அவர்கள் சாதி ஜனத்தில் பத்து ஆம்பிளைகள் கோயிலில் கூடி நிற்க வேண்டும். பத்து இல்லாவிட்டால் அந்த ஜெபம் இல்லை. போன மாசம் ஒரு குடும்பம் இஸ்ரேலுக்குப் போய்விட்டது. அக்கம்பக்கம், மட்டாஞ்சேரி எல்லாம் தேடியும் ஒன்பது பேர்தான்.

என்னைச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்றேன். விளையாட்டுக்குச் சொல்லவில்லை.

அவர் என் தோளைத் தட்டி, "பற்றில்லடா முருகேசா. எங்கட ஆளாயிட்டு வேணும்" என்றார். முடியாதாம், அவர்கள் ஆளாகவே இருக்க வேண்டுமாம்.

திரும்பி வரும்போது வாளையாறு தாண்டியிருப்பேன்... சட்டென்று ஞாபகம் வந்தது. முட்டை லாரிக்கு முன்னால் நான் மேட்டூரில் ஒரு ரசாயனக் கம்பெனிக்கு லோடு அடித்துக்கொண்டிருந்தேன். அங்கே மெஸ்ஸில் சாலமன் சார் என்று ஒருவர். பம்பாய்க்காரர், மிஷின் பார்க்கிற இஞ்சினியர். பெயரை வைத்து எல்லோரும் வேதக்காரர், கிறிஸ்தவர் என்றே நினைத்திருந்தோம். அவரும் முட்டையை கிளாஸில் உடைத்துத்தான் பார்ப்பார். மெஸ்காரர் தினமும் முனகுவார்.

வியாழக்கிழமை பஸ் ஏறி மேட்டூர் போனேன். குவார்ட்டர்ஸ் வாசலில் நின்றபோதுதான் எப்படிக் கேட்பது என்று தெரியவில்லை.

"சார், தப்பா நெனச்சுக்காதீங்க. நீங்க முட்டைய கிளாஸ்ல ஒடச்சுப் பாக்கறீங்கல்லங்க... எர்ணாகுளத்துலயும் அப்படி ஒருத்தரு இருக்காருங்க."

பிறகு விஷயத்தைச் சொன்னேன்.

"எத்தனை பேர் இருக்காங்க?"

"ஒம்பது பேருங்க."

அப்படியே திரும்பி உள்ளே போய்ப் பையை எடுத்து வைத்தார். அந்த மாதிரி பத்துப் பேரோடு நின்று பதினோரு வருஷம் ஆச்சு என்று மட்டும் சொன்னார்.

வெள்ளிக்கிழமை எனக்கு அடுத்த லோடு. சொல்லி வைத்தபடி விடியற்காலையில் பள்ளிபாளையம் பாலத்தில் நின்றிருந்தார். ஏற்றிக்கொண்டேன். மத்தியானம் மூன்று மணிக்குள் போய்விடலாம் என்பது என் கணக்கு. வாளையாறு செக்போஸ்ட்டில் வண்டிகள் வரிசை கட்டி நின்றன. அங்கேயே மூன்று மணி நேரம் போனது.

திருச்சூர் தாண்டும்போது வெயில் மஞ்சளாகிவிட்டது. சார் வெளியே பார்த்துக்கொண்டே சொன்னார், "முருகேசன், பொழுது இறங்கிட்டா எங்களுக்கு ஓய்வு நாள், நான் வண்டியில உக்காரக் கூடாது. எங்க இருக்கமோ அங்கயே இறங்கிக்குவேன்."

முட்டை வண்டியை விரட்டக் கூடாது. டிரைவர் சீட்டில் உட்காரும் முன்பே சொல்லிக் கொடுக்கிற முதல் பாடம் அது. நான் விரட்டினேன்.

"மெதுவா போப்பா, பின்னால முட்டை."

"முட்டைக்கு நான் பதில் சொல்லிக்கறனுங்க. நீங்க கம்பியப் புடிச்சுக்குங்க."

ஒவ்வொரு குழிக்கும் பின்னால் நொறுங்குகிற சத்தம் கேட்டது... ஆலுவா பாலத்தில் சூரியன் தென்னை மட்டைக்குக் கீழே இறங்கிவிட்டது.

போய்ச் சேர்ந்தபோது பொழுது இறங்க இன்னும் கொஞ்சம் மிச்சம் இருந்தது. எலியாஸ் முதலாளி வெள்ளை உடுப்பில் வாசலில் நின்றிருந்தார். லாரியின் பின்கதவில் இருந்து மஞ்சள் கரு ஒழுகுவதைத்தான் முதலில் பார்த்தார். தலையில் கை வைத்தார். நான் குதித்து இறங்கி, "பத்தாவது ஆள் வந்திருக்காருங்க முதலாளி" என்றேன்.

அவருக்குப் புரியவே கொஞ்ச நேரம் ஆனது. அப்புறம் சாலமன் சாரின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். இவருக்கு மலையாளம் வராது, அவருக்கு மராட்டி வராது. ரெண்டு பேரும் அரைகுறைத் தமிழில் குலம் கோத்திரம் விசாரித்தபடியே நாலு வீடு தள்ளியிருந்த கோயிலுக்கு ஓட்டமாய் நடந்தார்கள்.

நான் வெளியே லாரியைக் கழுவிக்கொண்டிருந்தேன். உள்ளே முதலாளி குரல் மட்டும் கேட்டது. நடுவில் ஒரு இடத்தில் உடைந்து நின்றது. மற்றவர்கள் சேர்ந்து ஆமென் சொன்னார்கள். அவர் மறுபடி தொடங்கினார்.

லாரி ஓனர் என்னை ஒரு மாசம் வண்டியில் ஏற்றவில்லை. அது நியாயம்தான்.

சில வருஷத்தில் எலியாஸ் முதலாளியும் குடும்பத்தோடு இஸ்ரேல் போய்விட்டார். சாலமன் சார் ரிட்டையர் ஆகி பம்பாய் போனதோடு சேதி இல்லை. இப்போது நாலு வழி ரோடு. வாளையாறில் நிற்கிற வேலையும் குறைந்துவிட்டது. பேரன் ஆறு மணி நேரத்தில் எர்ணாகுளம் போய்விட்டுப் போன் பண்ணுகிறான்.

போன மாசம் முதலாளி மகன் வாட்ஸ்அப்பில் கூப்பிட்டார். அப்பா போய்விட்டார் என்றார். எனக்கு வாயில் முதலில் வந்தது, "பத்துப் பேரு இருந்தாங்களா சாமி?"

"எண்ணவே இல்ல முருகேசண்ணா. நிக்க இடமில்ல."

கேட்க நிம்மதியாகத்தான் இருந்தது. அந்த ஊர் இங்கிருந்து எத்தனை மணி நேர ஓட்டம் என்று கேட்க நினைத்தேன்... கேட்கவில்லை.