ஆடு தொலைத்தவன் பாட்டு

என் மாமா, அம்மாவின் தம்பி, நாடகத்தில் பபூன். ராஜபாளையத்தைச் சுற்றியுள்ள ஊர்களில் கோயில் பொங்கலுக்குப் போடும் நாடகங்களில், ராஜாவுக்கும் ராணிக்கும் முன்னால் மேடைக்கு வந்து கூட்டத்தைச் சிரிக்க வைப்பது அவர் வேலை. தான் பாடும் பாட்டுக்கு மெட்டும் அவரே போடுவார். ஸ்ரீவில்லிபுத்தூரில் அவர் வீட்டுக் கட்டிலுக்கடியில் ஓர் ஆர்மோனியப் பெட்டி இருந்தது. அதைத் தொட எனக்கு மட்டும் அனுமதி உண்டு.

எண்பதுகளின் நடுவில், எனக்கு எட்டு வயதிருக்கும்போது, அவருடைய கைக்குழந்தை காய்ச்சலில் இறந்துபோனது. அத்தை அதை மடியில் கிடத்தி ஒப்பாரி வைத்தாள். ஊரில் வழக்கமாகக் கேட்கும் ராகம் இல்லை. அவளுக்கு அப்போது வந்தது. வரிக்கு வரி குரல் மேலே ஏறி, முடிவில் உடைந்து விழும். பெண்கள் அவளைக் கட்டிக்கொண்டு அழுதார்கள். ஆண்கள் தெருவில் பெஞ்சில் இருந்தார்கள். மாமாவும் அங்கேதான் இருந்தார். அவர் உதடு துடித்ததைப் பார்த்த ஒரு பெரியவர், "ஏலே, பொம்பளை மாதிரி அழுவாத. ஆகவேண்டியதப் பாரு" என்றார். மாமா முகத்தைத் துடைத்துக்கொண்டு, குழி தோண்டப் போனவர்களுக்கு டீ வாங்கப் போனார்.

அடுத்த பங்குனியில் மம்சாபுரத்தில் நாடகம். "வீட்டுக்குள்ளேயே கெடந்தா எப்படி? செத்த நேரம் சிரிச்சிட்டு வருவோம்" என்று அம்மா அத்தையை வற்புறுத்தி அழைத்துப் போனாள். நானும் போனேன். மாமா புதுப்பாட்டு பாடினார். ஆட்டுக்குட்டியைத் தொலைத்தவன் தெருத்தெருவாகத் தேடும் பாட்டு. தாளம் துள்ளியது. ஒவ்வொரு வரியும் மேலே ஏறி, முடிவில் உடைந்து விழுந்தது. விழும் இடத்தில் அவரும் தொப்பென்று விழுந்தார். கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. "இன்னொருக்கா பாடு" என்று கேட்டார்கள்.

அத்தை எழுந்து நடந்தாள். நான் பின்னாலேயே ஓடினேன்.

"எங்க அத்தை போறீக? பாட்டு இன்னும் முடியல."

"அது எம்பிள்ளைக்கு நான் அழுத பாட்டுடி."

"இல்லத்தை, இது ஆட்டுப் பாட்டு."

அவள் என்னைப் பார்த்தாள். மறுநாள் முதல் பஸ்ஸில் கூமாப்பட்டிக்கு, தன் தாய்வீட்டுக்குப் போய்விட்டாள்.

மாமா அழைக்கப் போனார். "அந்தப் பாட்ட இனிமே பாடமாட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, இப்பவே வாரேன்" என்றாளாம். அவர் அந்த வார்த்தையைச் சொல்லவில்லை. தனியாகத் திரும்பி வந்தவரை அம்மா விடவில்லை.

"பெத்த பிள்ளை சாவ வித்துத் திங்கியேடா. ஒனக்கு வேற மெட்டா கெடைக்கல?"

"மெட்டு எம்புட்டோ கெடக்குக்கா" என்றார் மாமா. சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

வத்திராயிருப்பு வரை அவரைத் தெரியவைத்தது அந்தப் பாட்டுதான். வேறு எதைப் பாடினாலும் கூட்டம் ஆட்டுப் பாட்டைக் கேட்கும். தொண்ணூறுகளில் தொண்டை கட்டிப்போகும்வரை பாடினார். அத்தை திரும்பி வரவேயில்லை.

கடைசி வரியில் அவர் கூட்டத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, ஆட்டுக்காக அழுபவரைப் போலத் தோள்களைக் குலுக்குவார். சிரிப்பு அதிகம் வருவது அந்த இடத்தில்தான். அத்தை போன அடுத்த வருடம் ஒரு நாடகத்தில் நான் மேடைக்குப் பின்னால், படுதாவின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தேன். அவர் திரும்பியபோது முகம் எனக்கு நேரே இருந்தது. கன்னத்துப் பவுடர் கரைந்து கழுத்து வரை வழிந்திருந்தது.

யாருக்கும் தெரியாத பக்கத்தில்கூட மாமா இவ்வளவு நன்றாக நடிக்கிறாரே என்று வியந்து, நானும் கைதட்டினேன்.