மாம்பழ டின்னில் ஒரு பாரசீகம்

பாரசீகப் பேரரசைப் பற்றி நான் எழுதிவைத்த குறிப்புகள் மொத்தம் இருபத்தொன்று. ஐந்தாம் வகுப்புக் கணக்கு நோட்டின் பின்பக்கத்தில், ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு, எண் கொடுத்து எழுதியவை. நோட்டு இன்றும் என் அலமாரியில் இருக்கிறது. முதல் குறிப்பு இது: 'பாரசீகர்கள் உட்காருவதில்லை. சாய்ந்துகொள்கிறார்கள்.'

சித்தூரில் எங்கள் வீட்டுக் கூடத்தில், ஒரு சனிக்கிழமை மத்தியானம், வாடகைக்கு எடுத்த கலர் டிவிக்கும் வீடியோ டெக்குக்கும் முன்னால் உட்கார்ந்து இதை எழுதினேன். எழுதச் சொன்னவர் மாமா, அம்மாவின் அண்ணன். கலெக்டர் ஆபீஸில் குமாஸ்தா. எங்கள் சபையின் வாலிபர் சங்கத்துக்குச் செயலாளர். அந்த வருட அறுப்பின் பண்டிகைக்கு நாடகம் போடும் பொறுப்பு அவருடையது. ஞாயிறு பள்ளிப் பிள்ளைகள் எல்லோருக்கும் தெரிந்த பைபிள் கதையைத்தான் எடுத்திருந்தார். பாரசீக ராஜா விருந்து வைக்கிறார். தன் ராணியின் அழகை விருந்தாளிகளுக்குக் காட்டவேண்டும் என்று அவளுக்கு ஆள் அனுப்புகிறார். அவள் வர மறுக்கிறாள். அவளைத் தள்ளிவிட்டு வேறொரு ராணியைத் தேடுகிறார்கள். அந்த இரண்டாவது ராணிதான் கதாநாயகி. முதல் ராணிக்குக் கதையில் ஒரே வேலை, வராமல் இருப்பது.

அதற்கு முந்தைய வருடங்களில் போர்வையைச் சுற்றிக்கொண்டு கையில் ஒரு கோலைப் பிடித்தால் எந்த நாட்டுக்கும் ராஜாவாகிவிடலாம். இனி அது செல்லாது என்று மாமா கண்டுகொண்டார்.

"ஜனங்க இப்போ கேபிள்ல உலகத்தையே பாத்துக்கினு கீறாங்க. பெட்ஷீட்டு கட்டிக்கினு வந்தா சிரிப்பாங்க. பாரசீகம்னா பாரசீகமா இருக்கணும்."

அசல் பாரசீகத்தைத் தேடி அவர் திருப்பதிக்குப் பஸ் ஏறினார். பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்து வீடியோ கடையில், அதே கதையை வெள்ளைக்காரர்கள் எடுத்து யாரோ தெலுங்கில் பேசவைத்திருந்த ஒரு பழைய படம் கிடைத்தது. கேசட்டை மடியில் வைத்துப் பத்திரமாகக் கொண்டுவந்தார். அவர் நிறுத்துவார், நான் எழுதுவேன். நிறுத்தும்போதெல்லாம் படம் நடுங்கியது. அதனால் என் நான்காவது குறிப்பு, 'தூண்கள் லேசாக ஆடும்' என்று இருக்கிறது.

அந்தப் படத்தில் திராட்சையை யாரும் தன் கையால் எடுத்துத் தின்னவில்லை, இன்னொருவர் ஊட்டினார். வெண்கலத் தட்டை ஓங்கி அடிக்காமல் எந்தச் செய்தியும் சொல்லப்படவில்லை. சிம்மாசனத்துக்கு இரண்டு பக்கமும் சங்கிலி போட்ட சிறுத்தைகள் கொட்டாவி விட்டன. ராஜாவும் மந்திரிகளும் சுண்ணாம்பு அடித்த சுவர் மாதிரி வெளுத்திருந்தார்கள். விசிறி வீசியவர்கள் மட்டும் எங்கள் நிறம். ராஜாவின் தாடி முறுக்கு முறுக்காக, வரிசை தவறாமல் இருந்தது. இரண்டாவது ராணி வரும்போதெல்லாம் மேலேயிருந்து வெளிச்சம் விழுந்தது. முதல் ராணிக்கு வெளிச்சம் இல்லை. கண்ணைச் சுற்றி அரை அங்குலத்துக்கு மை, கையில் பாம்பு வளையல், எதற்கெடுத்தாலும் ஒரு சிரிப்பு. கூப்பிட்டபோது ஜன்னலில் வந்து நின்று, ராஜாவை ஒரு பார்வை பார்த்துவிட்டுத் திரும்பிவிட்டாள். பதினேழாவது குறிப்பு: 'முதல் ராணி வரவில்லை. காரணம்:' அதற்கு மேல் எழுத ஒன்றும் கிடைக்காததால் இடம் விட்டிருந்தேன்.

அத்தை, நைனாவின் தங்கை, சமையலறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்தம்மா இன்னா தப்பு பண்ணுச்சின்னு இவ்ளோ மையை அப்பி வச்சிருக்கான்?"

"கெட்டவங்கன்னு ஜனங்களுக்குத் தெரிய வேணாமா?" என்றார் மாமா.

"கூப்ட்டா வரலன்னா கெட்டவங்களா?"

"ஏம்மா, இவ்ளோ பெரிய படம் எடுத்தவனுக்குத் தெரியாதது உனக்குத் தெரிஞ்சிடுச்சா?"

அத்தனை மை பூசிக்கொள்ள எங்கள் சபையில் எந்தப் பெண்ணும் முன்வரவில்லை. கல்யாணமாகாத பெண்களின் அம்மாக்கள் காது கொடுத்தும் கேட்கவில்லை. கடைசியில் அத்தைதான், "வராம இருக்கிறதுக்குத்தானே ஆளு வேணும்? நான் கீறேன்" என்றார்.

உடுப்புக்காக மறுபடி திருப்பதி. இந்த முறை நோட்டோடு என்னையும் கூட்டிப்போனார் மாமா. திருச்சானூர் ரோட்டில் நாடக உடை வாடகைக்கு விடும் கடைக்காரர் என் குறிப்புகளைக் கண்ணாடி போட்டுக்கொண்டு பொறுமையாகப் படித்தார்.

"ராமுடு கீறாரு, கிருஷ்ணுடு கீறாரு, பத்துத் தலைக்காரர் கூட கீறாரு. பாரசீகம் மட்டும் லேது சார். நம்ம சைடுல அது ஓடாது."

பத்துத் தலைக்காரரின் சிவப்பு அங்கியையும், ஒரு முனிவரின் வெள்ளைத் தாடியையும் எடுத்துக்கொடுத்தார். "தாடிக்குக் கறுப்புச் சாயம் போட்டுக்கோங்க. வேஷத்துல ஒண்ணும் இல்ல சார், எல்லாம் நடையில கீது" என்று ஆறுதலும் சொன்னார்.

பாரசீகத்துக்கு வேண்டிய தங்கம் எங்கள் வீட்டிலிருந்தே கிடைத்தது. நைனா ஊருக்கு வெளியே மாம்பழக் கூழ் தொழிற்சாலையில் ஸ்டோர்ஸ் பார்த்தார். அத்தைக்கு அங்கேயே சோதனை அறையில் வேலை. கூழின் இனிப்பைக் கருவியில் பார்த்துச் சீட்டில் எழுதிக் கையெழுத்துப் போடவேண்டும். அவர் கையெழுத்து இல்லாமல் ஒரு லோடு வெளியே போகாது. கூழ் அடைக்கும் டின்களுக்கு உட்புறம் தங்க நிறத்தில் ஒரு பூச்சு உண்டு. சோதனைக்குத் திறந்த டின்களை அத்தை கழுவிக் கொண்டுவந்தார். வெட்டிப் பிரித்து விரித்தால் தகதகவென்று தங்கத் தகடு. தூண், கேடயம், சிம்மாசனம், கிரீடம் எல்லாம் அதில்தான். வெண்கலத் தட்டுக்குப் பள்ளிக்கூட மணி. சிறுத்தை மட்டும் அமையவில்லை. பாஸ்டர் வீட்டு நாயை மஞ்சள் பூசி நிறுத்தலாம் என்ற யோசனையைப் பாஸ்டரம்மா ஏற்கவில்லை.

இந்த ஏற்பாடுகளுக்கு நடுவில்தான் குவைத் மாப்பிள்ளை வந்தார்.

அதற்கு முன் அத்தையை நான்கு வீட்டார் வந்து பார்த்திருந்தார்கள். முதல் வீட்டார் பாடச் சொன்னார்கள், பாடினார். இரண்டாம் வீட்டார் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நடக்கச் சொன்னார்கள், நடந்தார். மூன்றாம் வீட்டார் ஊசியில் நூல் கோர்க்கச் சொன்னார்கள், கோர்த்தார். நான்காம் வீட்டார் கேசரியும் பஜ்ஜியும் தின்றுவிட்டு லெட்டர் போடுவதாகச் சொல்லிப் போனார்கள். இதை எழுதும் இன்றுவரை அந்த லெட்டர் வந்து சேரவில்லை. அன்றைக்கு அத்தை காபித் தட்டைக் கழுவி, அலமாரியின் மேல்தட்டில் ஏற்றிவைத்து, "இனிமே இத நான் தூக்க மாட்டேன்" என்றார்.

ஐந்தாவதாக வந்த இந்த இடம் வெதுருகுப்பம் பக்கம். பையனுக்குக் குவைத்தில் வேலை, நாற்பது நாள் லீவு, அதில் மிச்சம் பதினோரு நாள். இது முடிந்தால் அவர் வழியாக எங்கள் சித்தப்பாவுக்கும் ஒரு விசா கிடைக்கும் என்ற பேச்சும் இருந்தது. தட்டை இறக்காமலே பெண்ணைக் காட்ட நைனா ஒரு வழி கண்டுபிடித்தார். அவர்கள் பண்டிகைக்கு வந்த மாதிரி வந்து முன்வரிசையில் உட்கார்ந்து நாடகம் பார்ப்பார்கள். பெண்ணோ ராணி அலங்காரத்தில் இருப்பாள். அவளுக்குச் சொல்லவேண்டியதில்லை. இதில் ஒரே ஒரு சிக்கல். முதல் ராணி அலங்காரத்தோடு திரைக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பதோடு சரி, மேடைக்கே வருவதில்லை.

"ஒரே ஒரு தடவ வந்து, இப்படி ஒரு சுத்து சுத்திட்டுப் போவட்டும்யா" என்றார் நைனா.

"மச்சான், வேதத்துல வரலன்னு கீதே."

"நீ காட்டின சினிமாவுல வந்தாளா இல்லியா?"

"ஜன்னல்ல நின்னா."

"நின்னா இல்ல? அப்புறம் இன்னா?"

எங்கள் வீட்டில் சினிமா வேதத்தை ஜெயித்தது அன்று ஒருநாள்தான். ராணி இரண்டு முறை மறுக்கட்டும். மூன்றாம் முறை கூப்பிட்டதும் வந்து, மேடையை ஒரு வட்டம் சுற்றி, ராஜாவின் காலடியில் ஒரு பூவை வீசிவிட்டுத் திமிராகத் திரும்பட்டும் என்று மாமா காட்சியை மாற்றி எழுதினார். அத்தை, "எதுக்கு வரணும்? கதையில இல்லியே" என்று ஒரு தரம் கேட்டார். சினிமாவில் இருப்பதாக மாமா சொன்னார். அத்தை சரி என்றுவிட்டார்.

நான் ராஜாவின் பிரதானி. கூப்பிடப் போய்வரும் வேலை. உட்காரும் இடங்களின் பட்டியலை எழுதும் வேலையும் எனக்கே. சனிக்கிழமை அத்தை எனக்கு மையால் மீசை வரைந்து பார்த்துக்கொண்டிருந்தபோது, பாம்பு வளையல் எந்தக் கையில் என்று பார்க்க நோட்டைக் கேட்டார். கொடுத்தேன். பக்கத்தைப் புரட்டியவரின் விரல் ஓரிடத்தில் நின்றது. 'முன்வரிசை, இடது: மாப்பிள்ளை வீட்டார் 5 பேர் (குவைத்).'

"யாருக்கு மாப்பிள்ளை?"

"அத உன்கிட்ட சொல்லக் கூடாதுன்னு நைனா சொல்லிகீறாரு அத்தே."

நான் சொல்லவில்லைதான். நோட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, என் மீசையின் இடதுபக்கத்தைச் சரி செய்தார் அத்தை.

ஞாயிறு சாயங்காலம் மாப்பிள்ளை வந்ததும் நான் நோட்டோடு அவரிடம் போனேன். சோஷியல் புத்தகத்தின் படத்தில் குவைத்துக்குப் பக்கத்தில் பாரசீக வளைகுடா என்று போட்டிருந்தது. பாரசீகத்துக்கு அவ்வளவு கிட்டே போய்வந்த ஒரே ஆள் அவர்தான். ஒல்லியான மனிதர், நான் கேட்டதற்கெல்லாம் எழுந்து நின்று பதில் சொன்னார்.

"எங்க ரூமுக்குப் பக்கத்துல அந்த ஊர்க்காரு ஒருத்தரு ரொட்டிக்கடை வச்சிக்கினு கீறாரு பாப்பா. பேண்ட்டு சட்டைதான். சுட்ட ரொட்டியைத் துண்டு மாதிரி தோள்ல போட்டுக்கினு வருவாரு."

"தாடி?"

"டெய்லி ஷேவிங்."

"சிறுத்தை?"

கொஞ்சம் யோசித்தார். "பூனை ஒண்ணு கீது."

இதை ஓரத்தில் பென்சிலால் மட்டும் எழுதிக்கொண்டேன். அவர் ஒருவரைத்தான் பார்த்திருக்கிறார். படத்தில் ஆயிரம் பேர் இருந்தார்கள்.

ஆறு மணிக்கு மணி அடித்துப் பாரசீகம் தொடங்கியது. ராஜா மாமாதான். சிவப்பு அங்கியில், முறுக்குத் தாடியில், திண்டில் சாய்ந்தார். ஜனங்கள் கைதட்டினார்கள். விளக்குச் சூட்டில் தகடு காயக் காய, டின் விளிம்புகளில் ஒட்டியிருந்த கூழ் வாசம் வீச ஆரம்பித்தது. முதலில் கிரீடத்தில் ஓர் ஈ உட்கார்ந்தது. பிறகு அது தன் உறவையெல்லாம் கூட்டிவந்தது. விசிறி வீசவேண்டிய இரண்டு பெண்களும் ஒத்திகையில் வீசாத வேகத்தில் வீசினார்கள். தாடியின் ஒரு பக்கம் காற்றில் கழன்றது. ஒரு கையால் தாடியைப் பிடித்துக்கொண்டு, மறுகையால் ஈ ஓட்டியபடி ராஜா கட்டளையிட்டார்.

"அழைத்து வா ராணியை!"

நான் போனேன். திரைக்குப் பின்னால் அத்தை முழு அலங்காரத்தில், கவிழ்த்த டின் ஒன்றின் மேல் உட்கார்ந்திருந்தார். வசனப்படி மறுத்தார். வந்து சொன்னேன். இரண்டாம் முறையும் அப்படியே. மூன்றாம் முறை போனேன்.

"வரலன்னு சொல்லு."

"அத்தே, இது மூணாவது. இப்போ நீ வரணும்."

"தெரியும். போய்ச் சொல்லு."

மேடைக்கு வந்து, "ராஜாவே, ராணி வரமாட்டாங்களாம்" என்றேன்.

"ஏய், இது மூணாவதுடி" என்று ராஜா தாடிக்குள் சீறினார்.

"நானும் அதைத்தான் சொன்னேன் மாமா."

பின்வரிசை வரை கேட்டுவிட்டது, சிரித்தார்கள். முன்வரிசையில் நைனா எழுந்து நின்று, தன் ஒரு விரலை வட்டமாகச் சுற்றிச் சுற்றிக் காட்டினார். ராஜா புது வசனம் போட்டார். "பாரசீகமே காத்திருக்கிறது என்று போய்ச் சொல்!"

போனேன். அத்தை தேங்காயெண்ணெய் தொட்டு, கண்ணைச் சுற்றியிருந்த மையைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"அவங்க வந்துகீறாங்களா?"

"வந்துகீறாங்க. அஞ்சு இல்ல, ஆறு பேரு."

"அந்த ஆளு எப்படி?"

"நல்லவருதான். கேட்டதுக்கெல்லாம் பதில் சொல்றாரு."

அத்தை லேசாகச் சிரித்தார். "சரி. வரலன்னு சொல்லு."

"எதுக்குன்னு கேட்டா?"

"கேக்க மாட்டாங்க."

அவர் சொன்னபடியே யாரும் கேட்கவில்லை. ராஜா வாயைத் திறக்கும் முன் பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது: "அதான் வரலன்னு நாலு வாட்டி சொல்ட்டாளே, உட்ருய்யா ராஜா!" கூட்டம் கைதட்டியது. பாஸ்டர் எழுந்து, இந்தக் காலத்திலும் வேதத்தில் உள்ளதை உள்ளபடியே காட்டியதற்காக வாலிபர் சங்கத்தைப் பாராட்டினார். வேறு வழியில்லாமல் ராஜா ராணியைத் தள்ளிவைத்தார்.

முடிந்ததும் மாப்பிள்ளையின் அம்மா நைனாவிடம், "பொண்ணு எதுங்க? அந்த வெளிச்சத்துல வந்துச்சே, அதுவா?" என்று கேட்டார். "அது இல்லீங்க. வராத பொண்ணு" என்றார் நைனா. மாப்பிள்ளை செருப்பைப் பார்த்துக்கொண்டே, "அவங்கதாம்மா நல்லா பண்ணாங்க" என்று சொல்லிவிட்டுப் பஸ்ஸுக்கு நடந்தார்.

மறுநாள் காலை அத்தை வழக்கம்போல எட்டு மணி ஷிப்டுக்குப் போனார். நைனா வியாழக்கிழமை வரை அவரோடு பேசவில்லை. என்னோடும் பேசவில்லை. வசனத்தில் நான் ஓர் எழுத்துக்கூடத் தவறவில்லையே என்று எனக்கு வருத்தமாக இருந்தது.

நாடகம் முடிந்து வீட்டுக்கு வந்ததும், மீசையைக் கழுவும் முன்பே, இருபத்தொன்றாவது குறிப்பை எழுதியிருக்கிறேன். 'அத்தை மூன்றாம் அழைப்பை மறந்துவிட்டார். நினைவுபடுத்தியும் பயனில்லை. அடுத்த வருடம் ஒத்திகை அதிகம் வேண்டும்.'

பேனாவில் எழுதி, அடியில் ஸ்கேல் வைத்துக் கோடும் போட்டிருக்கிறேன்.