மேற்கணக்குக்குத் தேர் வந்ததற்கு அத்தாட்சி

கோயில் வழக்கு எடுக்கிற சட்டத்தரணிக்குக் கட்சிக்காரர் என்று தனியாக ஒருவர் கிடையாது, ஊரே வந்து நிற்கும். இந்தத் தொழிலில் மாட்டிக்கொண்டவர்களே, நான் பட்டதையும் கேளுங்கள்.

ஒரு வேன் கட்சிக்காரர்கள்

நுவரெலியாவில் என் அலுவலகத்தில் நாற்காலி மூன்று. வந்தவர்கள் ஒரு வேன் நிறைய. கடைவீதி முருகன் கோயில் தேர் மலையேறி, அவர்கள் தோட்டத்தின் மேற்பிரிவான மேற்கணக்கில் தொழிலாளர் குடியிருக்கும் லயங்கள் வரை போவது வழக்கம். புதிய பரிபாலன சபை, தேர் இனிக் கடைவீதியோடு சரி என்று அறிவித்துவிட்டது. திருவிழாவுக்கு மூன்றே வாரம். எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். கொழுந்தெடுக்கும் மாரியாயி மட்டும் மற்றவர்கள் ஓயும்வரை காத்திருந்து சொன்னார்:

"எங்க வீட்டுக்காரரு விழுந்து படுத்து நாலு வருசமாச்சுங்க. அவரால கோயிலுக்குப் போக முடியாது. சாமிதான் வரணும்."

எட்டுச் செடி

அதற்குமேல் மாட்டேன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆனால் அத்தாட்சி வேண்டுமே! போனில் இருந்த படங்கள் எல்லாம் போன இரண்டு வருஷத்தவை. இரண்டு தரம் தேர் தவறுதலாக மேலே போனது பரம்பரை வழக்கமாகுமா என்று சபை கேட்டது. நான் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது வேன் ஓட்டிவந்த செல்வராஜ் வாயைத் திறந்தார்:

"தேரு திரும்பலன்னு எங்கப்பா காலத்துலயே வளைவுல எட்டுத் தேயிலச் செடியப் புடுங்கிட்டாங்க. எந்தத் தோட்டத்துத் தொர சும்மா ஒரு செடியப் புடுங்க விடுவாருங்க?"

எனக்கு எழுந்து ஆட வேண்டும் போலிருந்தது.

அரோகரா

சபைத் தலைவர் கடைவீதியில் பெரிய முதலாளி. சாட்சிக் கூண்டில் ஏறி, மேலே சாமி நிற்கிற இடம் என்று எதுவுமே கிடையாது என்றார். நான் எட்டுச் செடியைச் சொன்னேன். நீதிபதி, நேரிலேயே வந்து பார்க்கிறேன் என்று சிங்களத்தில் சொன்னார். அதை மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொல்லி முடிக்கவில்லை, பின்வரிசை வாங்குகளில் உட்கார்ந்திருந்த என் கட்சிக்காரர்கள் மொத்தமாக எழுந்து "அரோகரா" போட்டுவிட்டார்கள். வாசலில் நின்ற சிங்களப் பொலிஸ்காரர்தான் ஓடிவந்து தெரிந்த தமிழில் அடக்கினார்:

"சத்தம் போட வேணாம். இன்னும் கேஸ் முடியல்ல."

வளைவு

மழை விட்டிருந்தது. பாதையெல்லாம் சேறு. வளைவில் செடி இல்லாத இடைவெளியை நீதிபதி பார்த்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் ஒரு சவுக்கு மரம், அதன் அடியில் வெறும் கல். வேல் இல்லை, விளக்கு இல்லை. இது போதுமா என்று எனக்கே சந்தேகம். அப்போதுதான் தலைவர் மூச்சு வாங்க ஏறி வந்தார். கல்லுக்கு நேரே வந்ததும் சப்பாத்தைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, வெறுங்காலோடு சேற்றில் நின்றார். அவருடைய சட்டத்தரணி இருமினார், பயனில்லை. சப்பாத்தை ஏன் கழற்றினீர்கள் என்று நீதிபதி கேட்டார். தலைவர் குனிந்து தன் காலைப் பார்த்தார். முகம் மாறிப்போயிற்று. பிறகு மெதுவாகச் சொன்னார்:

"சாமி நிக்கிற எடம்ங்க ஐயா. சப்பாத்தோட எப்பிடி நிக்கிறது?"

தேர் அந்த வருஷமும் மலையேறி மாரியாயி லயத்து வாசலில் நின்றது. எதிர்த்தரப்புச் சட்டத்தரணி தன் சாட்சியின் வாயை நன்றாகத்தான் பழக்கியிருந்தார், பாவம், காலைப் பழக்க மறந்துவிட்டார்.