மச்சான் கொடுத்த நீலப் பேனா

என் கோணல் எழுத்தையும் பிழைகளையும் வாசிப்பவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். ஐந்தாம் வகுப்போடு நின்றவன் நான். இந்த நீலப் பேனா என் மனைவியின் தம்பியுடையது. மூடியில் அவன் கடித்த பல் தடம் இன்னும் இருக்கிறது.

சுனாமிக்குப் பிறகு எங்கள் தேவனாம்பட்டினத்தில் பிள்ளைகளைக் கடலுக்கு அனுப்பப் பலர் பயந்தார்கள். அரசு வேலை வாங்கித் தருகிறேன் என்று சிதம்பரத்தில் ஒருவர் சொன்னதை நம்பி, மச்சான் நாலு வீட்டுப் பிள்ளைகளின் சான்றிதழையும் பணத்தையும் கொண்டுபோய்க் கொடுத்தான். வந்த வேலை உத்தரவுகள் போலி. அந்த ஆள் ஓடிவிட்டார். பணம் வாங்கிப் போன கை மச்சானுடையது என்பதால் புகாரில் முதல் பெயர் அவனுடையதாக இருந்தது.

போலீஸ் பிடிப்பதற்குள் கடலூர் கோர்ட்டில் முன்ஜாமீன் கிடைத்தது. ஜாமீன்தாரர்களில் நானும் ஒருவன். தினமும் காலை பத்து மணிக்குச் சிதம்பரத்தில் வழக்குப் பதிவான ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும். "ஒரு நாள் தவறினாலும் ஜாமீன ரத்து பண்ணச் சொல்லிடுவாங்க. வர முடியலன்னா காரணத்த எழுதிக் குடுங்க" என்றார் வக்கீல். பஸ்ஸில் அவனோடு துணைக்குப் போவேன். "இஸ்கோலுக்குக்கூட நான் இப்படி தெனம் போனதில்ல மாமா" என்று சிரிப்பான். ஸ்டேஷன் வாசலில் சட்டைப் பையைத் தொட்டுப் பேனா இருக்கிறதா என்று பார்த்துக்கொள்வான்.

மூன்றாவது வாரம், பிச்சாவரம் பக்கம் வாழ்க்கைப்பட்டிருந்த அவன் தங்கை பிரசவத்தில் இறந்துபோனாள். பிறந்த வீட்டுக் கோடிப் புடவை வந்து போர்த்தாமல் எங்களில் இறந்த பெண்ணை அடக்கத்துக்கு எடுக்க மாட்டார்கள். அப்பா இல்லாத வீட்டில் கோடி போட வேண்டியவன் அவன் ஒருவன்தான். காலை பத்து மணிக்கு எடுப்பதாக ஊரில் சொல்லிவிட்டார்கள். புடவைப் பையை மார்போடு அணைத்துக்கொண்டு பேனாவை என்னிடம் நீட்டினான். "நீங்க போய் ரெண்டு வரி எழுதிக் குடுத்துடுங்க மாமா. நான் அவள அனுப்பிட்டு வரேன்."

ஒரு தாள் வாங்கி, பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்து எழுதினேன். ஸ்டேஷனில் எனக்கு முன்னால் நின்ற பெரியவரின் மனுவைக் காவலர் விரித்துப் பார்த்தார். "இன்னாய்யா இது, கோழி கிளறினாப்ல? வேற யாருகிட்டயாவது எழுதி வாங்கினு வா." எல்லோரும் சிரித்தார்கள். அந்தப் பெரியவரும் சிரித்தார். என் தாளில் அதைவிடக் கோணல். வாயால் சொல்லியிருக்கலாம், அதையும் செய்யவில்லை. தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டேன்.

பிச்சாவரம் போய்ச் சேர்ந்தபோது அடக்கம் முடிந்திருந்தது. ஈரத் துண்டோடு நின்றவன், "சொல்லிட்டீங்களா மாமா?" என்று கேட்டான். ஆமென்று தலையை ஆட்டினேன். இல்லை என்று சொல்லியிருந்தால் அந்த ஈரத்துணியோடே சிதம்பரத்துக்கு ஓடியிருப்பான். அன்றைக்கே போய்ச் சொல்லப் பொழுதும் இருந்தது.

தகவல் சொல்லாமல் தவறினான் என்று போலீஸ் மனுப் போட்டது. முன்ஜாமீன் ரத்தானது. சந்தையில் மீன் கூடையோடு நின்றவனை நாலு பேர் பார்க்க அழைத்துப்போனார்கள். நாற்பது நாள் உள்ளே இருந்தான். வெளியே வந்தவனுக்கு இருமல் நிற்கவே இல்லை, கடலுக்கும் போகவில்லை. பார்ப்பவர்களிடம் எல்லாம் ஒன்றையே சொல்வான்: "எங்க மாமா போய் சொல்லிட்டுதான் வந்தாரு. அவுங்கதான் கேக்கல." பக்கத்திலேயே நிற்பேன். ஒருமுறைகூட வாய் திறக்கவில்லை. போன மாசியில் அவனையும் கொண்டுபோய்ப் புதைத்தோம். பேனாவைக் கடைசிவரை அவன் திருப்பிக் கேட்கவில்லை.

இன்று காலை ஆற்றில் அவனுக்கு எள்ளும் தண்ணீரும் விட்டு வந்து, அதே பேனாவால் அந்த இரண்டு வரியை எழுதினேன்.

ஐயா, என் மச்சானின் தங்கை இறந்துவிட்டாள். கோடி போடப் போயிருக்கிறான், இன்று ஒரு நாள் வர முடியாது.

ஆடி அமாவாசை, 2012.