வெண்ணெயைப் பற்றி நான் சொன்ன பொய்

பத்து வயதில் நான் ஒரு பொய் சொன்னேன். என் அண்ணி சுட்ட பழ ஸ்கோனில் பன்றிக் கொழுப்பு இருக்கிறது என்று பக்கத்து வீட்டு மலாய்க்கார அத்தை ஜைனப் மக்சிக்கிடம் சொன்னேன். அதில் இருந்தது வெண்ணெய்தான். எனக்கு அது நன்றாகத் தெரியும்.

சூடான வெண்ணெயும் திராட்சையும் சேர்ந்து மணக்கும்போதெல்லாம் கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸில் எங்கள் வீட்டுப் பின்கட்டு நினைவுக்கு வருகிறது. அண்ணியின் அப்பா பந்திங் பக்கம் ஒரு தோட்டத்தில், துரை பங்களாவில் சமையல்காரராக இருந்தவர். அவரிடம் கற்ற ஸ்கோனை அண்ணி எங்கள் வீட்டில் "பழ ரொட்டி" ஆக்கிவிட்டார். வெயில் ஏறினால் வெண்ணெய் உருகிவிடும் என்பதால், விடிந்ததுமே ஐஸ் கட்டி போட்ட பேசினில் டின்னோடு அதைக் குளிரவைத்து, வெளிறி இறுகிய பிறகு விரல் நுனியால் மாவில் உதிர்ப்பார். "உள்ளங்கை பட்டுச்சுன்னா மாவு கோவிச்சுக்கும்" என்பார். பிறகு திராட்சையைத் தூவி, பால் டின்னால் வட்டம் வட்டமாக வெட்டி, மேலும் கீழும் தணல் போட்ட தகரப் பெட்டிக்குள் வைப்பார்.

அண்ணன் ரயிலில் வேலை பார்த்ததால் வாரத்தில் பாதி நாள் வீட்டில் இருக்கமாட்டார். கல்யாணமாகி வந்த புதிதில் அண்ணிக்கு இருந்த ஒரே துணை ஜைனப் மக்சிக்தான். அண்ணி சுடச்சுட ஸ்கோன் கொண்டுபோவார், மக்சிக் கோப்பி கலக்குவார், இருவரும் வேலிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக நின்று அரைகுறை மலாயில் சிரித்துக்கொண்டிருப்பார்கள்.

ஒருநாள் திராட்சை டப்பாவை நான் காலி செய்ததை அண்ணி அம்மாவிடம் சொல்லிவிட்டார். அம்மா "ரோத்தான்" பிரம்பை எடுத்து விளாசினார். அந்த எரிச்சல் தணியும் முன்பே வேலியோரம் போய் அந்தப் பொய்யைச் சொன்னேன். ஐஸ் பேசினில் வெள்ளையாகக் கிடந்ததை மக்சிக்கும் பார்த்திருந்தார். நிஜமா என்று இன்னொரு முறை கேட்டார். தலையாட்டினேன். அவர் முகம் வெளுத்துப்போயிற்று. ஆனாலும் அண்ணியிடம் எதுவும் சொல்லிவிடாதே, பாவம், மனசு கஷ்டப்படும் என்றார்.

அவருடைய அந்த நல்ல குணமே என் பொய்யைக் காப்பாற்றியது. அதன்பிறகு ஸ்கோன் போனால் உடம்பு சரியில்லை என்பார். வேலியோரம் நிற்பதும் குறைந்தது. சில மாதங்களில் அவர் கணவருக்கு மாற்றலாகி அவர்கள் போய்விட்டார்கள். அண்ணி அப்புறம் ஸ்கோன் சுடவில்லை. அந்தக் குவார்ட்டர்ஸும் இப்போது இல்லை. அங்கே நிற்கும் அடுக்குமாடிகளில் எங்கள் வீடு எந்த இடம் என்று என்னால் காட்ட முடியாது.

போன வருஷம் அண்ணன் காலமான பிறகு, கிள்ளானில் மகள் வீட்டில் இருக்கும் அண்ணி பழைய கதைகளுக்கிடையே சொன்னார்: "அந்த ஜைனப் மட்டும் ஏன் அப்படி மாறிட்டாங்கன்னு எனக்கு இன்னிவரைக்கும் தெரியல தம்பி."

அடுத்த வாரம் நானே ஸ்கோன் சுட்டு எடுத்துப் போனேன். ஒரு கடி கடித்து, "கல்லு மாதிரி இருக்குலா" என்று சிரித்தார். அப்போது சொல்லிவிட்டேன். கையிலிருந்ததைத் தட்டில் வைத்தார்.

"அவங்க மௌத்தான செய்தி வந்துச்சே, ஞாபகம் இருக்கா? கடைசியா முகம் பார்க்க உங்க அண்ணன் கூப்பிட்டும் நான் போகல. நம்மள வேணாம்னு ஒதுக்குனவங்கதானேன்னு இருந்துட்டேன்."

ஒரு மாதம் என் போனை எடுக்கவில்லை. பிறகு அவரே அழைத்து, காஜாங்கில் இருப்பதாகக் கேள்விப்பட்ட ஜைனப் மகள் வீடு எங்கே என்று விசாரிக்கச் சொன்னார். கண்டுபிடித்து அழைத்துப் போனேன். அந்தப் பெண்ணின் முன்னால் நடந்ததை மலாயில் முழுவதும் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். அவள் எழுந்து வந்து அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

இப்போது மாதம் ஒருமுறை அண்ணியைக் காஜாங்குக்குக் கொண்டுபோய் விடுவது என் வேலை. இரண்டு பெண்களும் சமையலறைக்குப் போய்விடுவார்கள். நான் கூடத்தில் உட்கார்ந்திருப்பேன். உள்ளேயிருந்து ஜைனப், ஜைனப் என்று பழைய கதை சொல்லும் அண்ணியின் குரல் கேட்டுக்கொண்டே இருக்கும். மன்னித்துவிட்டேன் என்று அண்ணி இதுவரை சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.