அட்டை பிய்க்கிற அக்கா

திருவொற்றியூரில் அந்தப் பழைய பேப்பர் கிடங்குக்கு நான் போனது ஓர் ஆய்வேட்டைத் தேடி. மூலக்கொத்தளத்தில் நாங்கள் புதைத்த என் தங்கை எழுதியது. எல்லோரும் போனில்தான் படிக்கிறார்கள் என்று பல்கலைக்கழக நூலகம் அலமாரிகளைக் காலி செய்து லாரியில் ஏற்றி அனுப்பிவிட்டிருந்தது.

மணலி ஆலைகளின் காற்று மூக்கை எரித்தது. புத்தகக் குவியலின் நடுவே, விரல்களில் எல்லாம் துணி சுற்றிக்கொண்டு அந்த அக்கா உட்கார்ந்திருந்தார். அட்டை ஒரு பக்கம், தாள் ஒரு பக்கம் என்று பிய்த்துப் போடுவதுதான் வேலை. பிய்க்குமுன் ஒவ்வொன்றையும் நடுவில் விரித்துப் பார்ப்பார். விறைத்துக்கொண்டு நின்றால் திட்டுவார்.

“நாலு பேரு படிச்ச புக்கு வாழப்பழத் தோலாட்டம் வந்துடும் நைனா. எவனும் தொறக்காதது கீது பாரு, நகத்தயே பேத்துடும். வாங்கி வாங்கி அடுக்குனானுங்களே கஸ்மாலங்க, ஒருத்தனாவது படிச்சானா?”

அட்டைக் குவியலில் தங்கையின் பெயர் பொன்னெழுத்தில் கிடந்தது. தாள்கள் காலையிலேயே கூழாக்கப் போய்விட்டிருந்தன.

“யாரு நைனா?”

“தங்கச்சிக்கா. இப்ப இல்ல.” கேட்காமல் இருந்திருக்கலாம். கேட்டுவிட்டேன். “பிய்க்கும்போது இது எப்படி வந்துச்சு?”

அட்டையைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை அவர்.

“லேசா வந்துச்சு. நெறய பேரு படிச்சிருக்காங்க.”

சொல்லிவிட்டு, துணி சுற்றிய விரல்களை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டார்.

அந்த அட்டை இப்போது என் மேசையில் இருக்கிறது. அதன் முதுகில் ஒரு மடிப்புகூட இல்லை. ஆனாலும் அம்மாவிடம் நான் சொன்னது அந்த அக்கா சொன்னதைத்தான்.